கெட்டிஸ்பர்க்கின் கல்லும் மெய்ன் 20-ஆம் படைப்பிரிவும்

கேள்வி: ஒரு மலையின் பாறை ஒரு போரின் போக்கை மாற்றியிருக்கிறதா?

மாற்றியிருக்கிறது. நிலவியல் படித்தவன் என்பதால் எனக்கு உடனே நினைவுக்கு வருவது அமெரிக்காவில் பென்சில்வேனியா மாநிலத்தில் கெட்டிஸ்பர்க் ஊருக்கு அருகே உள்ள லிட்டில் ரவுண்ட் டாப் குன்றுதான்.

சுமார் 20 கோடி ஆண்டுகளுக்கு முன் பாஞ்சியா என்ற பெருங்கண்டம் பிளந்தபோது, அங்கிருந்த சிவப்பு மணற்கல், களிக்கல் அடுக்குகளுக்கு இடையே பாறைக்குழம்பு புகுந்து உறைந்தது. அந்தக் கல்லை டயபேஸ் என்போம். சுற்றியிருந்த மென்மையான கல் மழையில் கரைந்து தாழ்ந்துபோக, டயபேஸ் மட்டும் குன்றுகளாக எஞ்சியது. அமெரிக்க உள்நாட்டுப் போரில், 1863 ஜூலையில் இங்கே வடக்கு மாநிலங்களும் தெற்கு மாநிலங்களும் மோதியபோது வடக்குப் படை பிடித்து நின்ற உயரமான இடங்கள் பெரும்பாலும் இந்தக் கல்தான்.

நான் போனபோது அங்கே ஒரு பாறையைத் தடவிப் பார்த்தேன். வெளியே துருப்பிடித்த பழுப்புத் தோல், அது பெயர்ந்த இடத்தில் கருஞ்சாம்பல் நிறம். விரிசல் வழியே நீர் இறங்கி மூலைகளைத் தின்றுவிட்டதால் பாறைகள் எல்லாம் உருண்டை உருண்டையாகக் கிடக்கின்றன. மேலே மண் மிகக் குறைவு. அதனால் பதுங்கு குழி தோண்ட வழியில்லை. பாறைக்குப் பின்னால் ஒதுங்கலாம், ஆனால் குண்டு பட்டால் கல்சில்லும் சேர்ந்து பறக்கும்.

ஜூலை 2 அன்று இந்தக் குன்றின் தென்சரிவில், மொத்த வடக்குப் படைக்கும் இடதுகோடியாக நின்றது மெய்ன் மாநிலத்தின் 20-ஆம் படைப்பிரிவு. 1862 ஆகஸ்டில் சேர்க்கப்பட்ட பிரிவு அது. அம்மைத் தடுப்பூசி போட்டதால் வந்த காய்ச்சலில் சான்சலர்ஸ்வில் சண்டையையே தவறவிட்டவர்கள். கெட்டிஸ்பர்க்குக்கு வரும்போது 400 பேர்கூட இல்லை. தலைவர் ஜோஷுவா சேம்பர்லின், அதற்கு முன் போடன் கல்லூரியில் பேராசிரியர்.

எதிரே தெற்குப் படையின் பக்கம், வில்லியம் ஓட்ஸ் தலைமையில் அலபாமா மாநிலத்தின் 15-ஆம் பிரிவு. அவர்கள் நல்ல வெயிலில் பக்கத்துப் பெரிய குன்றை ஏறி இறங்கி வந்திருந்தார்கள். தண்ணீர் பிடிக்கக் குடுவைகளோடு போன 22 பேர் திரும்பவே இல்லை, வழியில் பிடிபட்டுவிட்டார்கள். நாவறண்ட நிலையில் அந்தக் கற்களுக்கு இடையே மறுபடி மறுபடி ஏறியிருக்கிறார்கள். இதை நினைக்கும்போதெல்லாம் எனக்கு மனம் கனத்துவிடும்.

சேம்பர்லின் தன் வரிசையை நீட்டி, இடப்பாதியைப் பின்னுக்கு மடக்கினார். ஆளுக்கு 60 தோட்டா, அதுவும் தீர்ந்துகொண்டிருந்தது. கடைசியில் துப்பாக்கி முனையில் கத்தியைச் செருகிக்கொண்டு சரிவில் பாய்ந்தார்கள். மடங்கிய இடப்பாதி, கீலில் திரும்பும் கதவு மாதிரி சுழன்று வந்து மற்றவர்களோடு சேர்ந்துகொண்டது. அலபாமாக்காரர்கள் சிதறினார்கள். மேலே நின்றவனுக்கு மலை துணை நின்றது உண்மைதான். ஆனால் தோட்டா தீர்ந்த பிறகும் இடத்தை விடாதது அந்த ஆட்கள். இரண்டையும் சேர்த்தே சொல்ல வேண்டும்.

ஓட்ஸின் தம்பி ஜானும் அந்தச் சரிவில்தான் குண்டடிபட்டு, பிறகு இறந்துபோனான். பல ஆண்டுகள் கழித்து, 1900-களின் தொடக்கத்தில், தன் ஆட்கள் நின்ற இடத்தில் ஒரு நினைவுக்கல் நட ஓட்ஸ் அனுமதி கேட்டுப் பார்த்தார். கிடைக்கவில்லை.