ஒடம்ப தின்னுற படம்

கேள்வி: ஹட்டன்ல பொடியங்க சேர்ந்து 'உணவு'ன்னு ஒரு செக் நாட்டு குறும்படம் போட்டு காட்டினாங்க. மேசை, சப்பாத்து எல்லாத்தையும் தின்னுட்டு கடைசில ஒருத்தன் தன் கையையே தின்னுறான். ஒரே அருவருப்பு. பசியோட வளர்ந்த தேயிலை தோட்டத்து சனத்துக்கு இந்த மாதிரி பரீட்சார்த்த படமெல்லாம் தேவையா? (ஒரு வாசகர், தலவாக்கலை)

பதில்: கட்டாயம் தேவை. செக் இயக்குநர் யான் ஷ்வாங்க்மாயர் 1992ல எடுத்த படம், காலை பகல் ராத்திரின்னு மூணு சாப்பாடு. நீங்க ராத்திரி சாப்பாட்டுலயே நின்னுட்டீங்க, எனக்கு காலை சாப்பாடுதான் பெருசா பட்டிச்சி. உள்ள வர்ற ஆளு எதிர்ல மெஷின் மாதிரி உக்காந்திருக்கிறவன் வாயில காச போடுறான், நெஞ்ச தொறந்துகிட்டு சாப்பாடு வருது, தின்னு முடிச்சதும் இவன் மெஷினாகிடுறான் மத்தவன் எழும்பி போயிடுறான், வெளிய பார்த்தா கியூ நீளமா நிக்கிது.

இது நம்ம சனத்துக்கு விளங்காதுன்னு யாருங்க சொன்னது? பறிச்ச கொழுந்த நிறுக்கிற மடுவத்துல தராசுகிட்ட கொஞ்ச நேரம் நின்னு பாருங்க. கறை ஏறி வெடிச்சுப்போன விரலு, அந்த விரலாலயே ரொட்டிய பிச்சு சம்பல்ல தொட்டு நின்னுகிட்டே முழுங்கிட்டு திரும்ப மலைக்கு ஏறுறாங்க, கிலோ குறைஞ்சா அரைப்பேருதான், அதாவது பாதி நாள் சம்பளம். ஒடம்ப குடுத்து வாங்குற சாப்பாடு அந்த ஒடம்புக்கே பத்துறதில்ல. 2016 சுகாதார கணக்கெடுப்புல 5 வயசுக்கு கீழ்ப்பட்ட புள்ளைங்கள்ல வயசுக்கேத்த உயரம் இல்லாதவங்க இலங்கை முழுக்க 17 வீதம், தோட்டத்துல 32 வீதம். எனக்கு அருவருப்பு வர்றது இந்த ரெண்டு நம்பரையும் பக்கத்துல வச்சு பார்க்கிறப்பதான்.

பகல் சாப்பாட்டுல வெயிட்டர் திரும்பியே பாக்கல, வசதியானவன் ஒருத்தன் இல்லாதவன் ஒருத்தன் எதிரெதிரா உக்காந்து கண்டதையும் தின்னுறாங்க, வசதியானவன் கத்தி முள்ளுக்கரண்டியையும் முழுங்கின மாதிரி காட்டி மத்தவனையும் முழுங்க வச்சிட்டு அப்புறம் தன்னோடத வெளிய எடுத்துகிட்டு அவன்மேல பாய போறான். வருஷக்கணக்கா தோட்டத்து சம்பள பேச்சுவார்த்தை பார்த்தே வளர்ந்த நமக்கு இதுக்கு விளக்கவுரை வேணுமா?

படம் போட்ட பொடியங்களுக்கும் ஒண்ணு சொல்றேன். ஷ்வாங்க்மாயர காப்பி அடிக்க வேணாம். மடுவத்துல அந்த ரொட்டி தின்னுற நேரத்த வெட்டாம எடுங்க, பின்னால சோக மியூசிக் போடாதீங்க, மெல்லுற சத்தமும் தராசு சத்தமும் போதும். எடுத்தா ஹட்டன்லயே போட்டு காட்டுவோம், தலவாக்கலைல இருந்து நீங்களும் வாங்க.