அட்லாண்டிக் கடலைத் தனியாளாக நிற்காமல் பறந்து கடந்த லிண்ட்பெர்க்கின் விமானத்தில் இருந்தது ரைட் சகோதரர்கள் செய்த என்ஜினா?

இல்லை. கம்பெனிக்கு ரைட் என்ற பெயர் இருந்தது, அவ்வளவுதான். வில்பர் 1912-இலேயே இறந்துவிட்டார். ஆர்வில் 1915-இல் கம்பெனியை விற்றுவிட்டு விலகிக்கொண்டார். வாங்கியவர்கள் அதை மார்ட்டின் கம்பெனியோடு இணைத்து, போர்க்காலத்தில் ஹிஸ்பானோ சூய்சா என்ஜினை உரிமத்தின் பேரில் செய்தார்கள். 1919-இல் அது ரைட் ஏரோநாட்டிக்கல் ஆனது.

அப்புறம் லிண்ட்பெர்க் விமானத்தில் இருந்த அந்த வேர்ல்விண்ட் என்ஜின் யாருடையது? சார்லஸ் லாரன்ஸுடையது. நியூயார்க்கில் சின்னதாக ஒரு கம்பெனி வைத்திருந்தவர், ஒன்பது சிலிண்டர்களை வட்டமாக அடுக்கி, காற்றிலேயே குளிரும் 200 குதிரைத்திறன் என்ஜினைச் செய்தார். அமெரிக்கக் கடற்படைக்கு அது மிகவும் பிடித்துப்போனது. ரேடியேட்டர் கிடையாது, தண்ணீர்க் குழாய் கிடையாது, ஒழுகவும் ஒன்றுமில்லை, எடையும் மிச்சம். ஆனால் வேண்டிய எண்ணிக்கையில் செய்து கொடுக்க லாரன்ஸிடம் வசதியில்லை. ரைட் கம்பெனியோ தண்ணீரில் குளிரும் என்ஜினை விடுவதாக இல்லை. கடற்படை நெருக்கியது. 1923-இல் ரைட், லாரன்ஸின் கம்பெனியை வாங்கியது. அவரும் கூடவே வந்தார்.

வால்வு வேலைதான் என் பிழைப்பு என்பதால், எனக்கு இந்தக் கதையில் முக்கியமான ஆள் சாம் ஹெரான் என்ற ஆங்கிலேயர். காற்றில் குளிரும் என்ஜினில் முதலில் சாவது எக்ஸாஸ்ட் வால்வு, அதாவது எரிந்த புகையை வெளியே விடும் வால்வு. தலை சிவக்கச் சூடேறும், விளிம்பு கருகும், பிறகு கம்ப்ரஷன், அதாவது சிலிண்டருக்குள் அழுத்தம், நிற்காது. ஹெரான் வால்வின் தண்டைக் குடைந்து, சூட்டில் உருகும் பொருளை உள்ளே பாதியளவு அடைத்தார். வால்வு ஏறி இறங்கும்போது அது மேலும் கீழும் அலம்பி, தலையின் சூட்டைத் தண்டுக்குக் கொண்டுபோகும். தண்டிலிருந்து, அது ஏறி இறங்கும் குழலான கைடு வழியாகச் சூடு வெளியேறும். பின்னாளில் இதற்குச் சோடியமே நிலைத்தது. எவ்வளவு அழகான யோசனை!

1925-இல் வந்த ஜே-5 வேர்ல்விண்டில் இந்த வால்வு இருந்தது. 1927 மே மாதம் லிண்ட்பெர்க் நியூயார்க்கிலிருந்து பாரிஸ் வரை 33.5 மணி நேரம் நிற்காமல் பறந்தார். நிமிடத்துக்கு 1,600 சுற்று என்று வைத்தாலும், இரண்டு சுற்றுக்கு ஒருமுறை என்ற கணக்கில் ஒவ்வொரு வால்வும் சுமார் 16 லட்சம் முறை திறந்து மூடியிருக்கும். ஒன்றுகூடக் காலை வாரவில்லை. ஜே-5-இன் ராக்கர்களுக்கு, அதாவது வால்வை அழுத்தித் திறக்கும் நெம்புகளுக்கு, சாதாரணமாகக் கையால்தான் கிரீஸ் வைப்பார்கள். நடுக்கடலில் யார் வைப்பது? அதனால் தானாகக் கிரீஸ் போகும்படி இந்தப் பயணத்துக்கென்றே ஓர் ஏற்பாடு செய்து கொடுத்தார்கள்.

அடுத்த மாதமே சேம்பர்லின் என்ற விமானி ஜெர்மனிக்குப் பறந்ததும், பேர்ட் என்ற கடற்படை அதிகாரி பிரான்ஸுக்குப் பறந்ததும் இதே என்ஜினை நம்பித்தான். அமெரிக்க விமானத்துறைச் சாதனைக்குத் தரும் காலியர் விருது அந்த ஆண்டு லாரன்ஸுக்குக் கிடைத்தது. அதைப் படித்தபோது எனக்கே கிடைத்ததுபோல இருந்தது.