‘ரிவியர்’ முத்திரைத் தேக்கரண்டியைச் செய்தவர் பால் ரிவியரா?

வணக்கம். பழம்பொருள் விற்பனையில் வாங்கிய தேக்கரண்டியின் காம்புக்குப் பின்னால் ‘ரிவியர்’ என்றும், பக்கத்திலேயே ‘ஸ்டெர்லிங்’ (92.5 சதவீத வெள்ளி என்பதைக் குறிக்கும் சொல்) என்றும் இருக்கிறது, அமெரிக்காவின் பாஸ்டன் நகரத்து வெள்ளிக் கொல்லர் பால் ரிவியர் செய்ததா என்று கேட்டிருந்தீர்கள். அவருடையதாக இருக்காது. அவர் 1818இல் இறந்துவிட்டார். ‘ஸ்டெர்லிங்’ என்று குத்தும் பழக்கம் அமெரிக்காவில் பரவலானது 19ஆம் நூற்றாண்டின் பிற்பாதியில்தான்.

அவர் காலத்து பாஸ்டனில் வெள்ளியைச் சோதித்து முத்திரையிடும் அலுவலகமே கிடையாது. வாடிக்கையாளர் கொண்டுவரும் காசையும் பழைய பாத்திரத்தையும் உருக்கிச் செய்வது வழக்கம். செய்தவரின் பெயர்தான் உத்தரவாதம். ஆகவே அந்தக் காலத்துக் கரண்டியில் தரத்தைச் சொல்லும் சொல்லைத் தேடவே வேண்டாம்.

காம்பு நுனியை லென்ஸ் வைத்துப் பாருங்கள். முக்கோணமாக மூன்று எழுத்து பொறித்திருந்தால் அது கரண்டியை வைத்திருந்த தம்பதியைக் குறிக்கும்: மேலே குடும்பப் பெயரின் முதல் எழுத்து, கீழே கணவன், மனைவி பெயர்களின் முதல் எழுத்து. பாஸ்டன் நுண்கலை அருங்காட்சியகத்தின் வெள்ளியைப் பட்டியலிட்ட கேத்ரின் பியூலர் முத்திரையோடு நின்றுவிடவில்லை. எடை, பொறிப்பு, எந்தக் குடும்பத்தில் கைமாறி வந்தது என்று எல்லாவற்றையும் பதிந்தார். ஆரம்பகால அமெரிக்க வெள்ளியைப் படிக்க அவர் வழியைவிட நல்ல வழி எனக்குத் தெரியாது.

தயவுசெய்து கரண்டியை பாலிஷ் போட்டுத் தேய்த்துவிடாதீர்கள், பொறிப்பு மழுங்கிப்போகும். விற்றவரிடம் அது எந்த வீட்டுப் பொருள் என்று கேட்டு எழுதி வையுங்கள். முத்திரையை நெருக்கமாகப் படம் எடுத்துப் போட்டால் இன்னும் சொல்கிறேன்.