வதைமுகாமிலிருந்து மீண்டவர்களின் முதுமை: கேள்வி பதில்

2000க்குப் பிறகு ஒன்பது வருடம் டொராண்டோவில் ஒரு முதியோர் இல்லத்தில் நர்ஸாக இருந்தேன். நாஜி முகாம்களில் உயிர் பிழைத்த யூதர்கள் சிலர் என் பொறுப்பில் இருந்தார்கள். கேளுங்கள், தெரிந்ததைச் சொல்கிறேன்.

பிரபு: போர் 1945லேயே முடிந்துவிட்டது. அறுபது வருடம் கழித்துமா அக்கா அது வாட்டும்?

அப்போதுதான் அதிகம் வாட்டுகிறது தம்பி. இளவயதில் வேலை, கல்யாணம், பிள்ளைகள் என்று ஓடிவிட்டார்கள். துணையை இழந்து தனியாக உட்காரும்போது பழையதெல்லாம் மேலே வருகிறது. மறதி நோயும் சேர்ந்தால் கொடுமை. காலையில் சாப்பிட்டது மறந்துபோகும், 1944 மறக்காது.

ஹேமா: எதைப் பார்த்தால் பயப்படுவார்கள்?

குளியலறை. விஷவாயு அறைகளைக் குளியலறை என்று சொல்லித்தானே உள்ளே அனுப்பினார்கள்! ஒரு பாட்டி ஷவர் சத்தம் கேட்டாலே கதவைப் பிடித்துக்கொள்வார். கதவைத் திறந்தே வைத்து, குழாயை அவர் கையிலேயே கொடுத்து, தண்ணீரைத் தொட்டுப் பார்க்கச் சொல்வோம். அப்புறம்தான் மெல்ல வருவார்.

அதே பாட்டி தினமும் பாதி ரொட்டியைத் துணியில் சுற்றித் தலையணைக்கடியில் வைப்பார். புதிதாக வந்த பெண் ஒருத்தி, எறும்பு வரும் என்று அதை எடுத்துப் போட்டுவிட்டாள். பாட்டி இரவு முழுக்கப் படுக்கையைத் துழாவிக்கொண்டே இருந்தார். மறுநாள் மூடி போட்ட தகர டப்பா ஒன்று வாங்கிக் கொடுத்தோம். காலையில் பழைய ரொட்டியை எடுத்துவிட்டுப் புதிதாக வைப்போம். தூங்க ஆரம்பித்தார். தயவுசெய்து யாரும் அந்த ரொட்டியைப் பிடுங்காதீர்கள்.

நசீர்: மருத்துவர்கள் இதை நோய் என்று எப்போது ஒத்துக்கொண்டார்கள்?

ரொம்பத் தாமதமாக. மேற்கு ஜெர்மனியில் 1956ல் நஷ்டஈட்டுச் சட்டம் வந்தது. மனபாதிப்பு என்று விண்ணப்பித்தவர்கள் பலரை, "இது உங்களுக்குப் பிறவியிலேயே உள்ள கோளாறு" என்று அங்கிருந்த டாக்டர்கள் திருப்பி அனுப்பினார்கள். படித்தபோது எனக்கு நெஞ்சு கொதித்தது. நாஜிகளிடமிருந்து தப்பி நியூயார்க் போன மனநல மருத்துவர் வில்லியம் நீடர்லாண்ட், நூற்றுக்கணக்கானவர்களைப் பரிசோதித்து, தூக்கமின்மை, கெட்ட கனவு, "தங்கை செத்தாள், நான் மட்டும் ஏன் இருக்கிறேன்" என்ற குற்றவுணர்வு எல்லாம் முகாம் தந்த நோய்தான் என்று 1960களில் எழுதினார். பேரதிர்ச்சிக்குப் பின் வரும் மனநோய் அமெரிக்க மருத்துவக் கையேட்டில் தனிப் பெயரோடு இடம்பெற்றது 1980ல்தான்.

லதா: பேசவைத்தால் பாரம் குறையாதா?

சிலருக்குக் குறையும். ஆனால் 1961ல் ஜெருசலேமில், யூதர்களை முகாம்களுக்கு அனுப்பும் வேலையை நடத்திய நாஜி அதிகாரி ஐக்மன் மீதான விசாரணையில் சாட்சி சொல்ல ஏறிய எழுத்தாளர் யெஹியேல் தினூர், தான் உயிர் பிழைத்து வந்த ஆஷ்விட்ஸ் முகாமைப் பற்றிப் பேச ஆரம்பித்த சில நிமிடங்களில் மயங்கி விழுந்தார். அவர்களாகத் தொடங்கினால் பக்கத்தில் உட்காருங்கள். தோண்டிக் கேட்காதீர்கள்.

ராகவன்: எல்லோர் கையிலும் எண் குத்தியிருக்குமா?

இல்லை. ஆஷ்விட்ஸிலும் அதன் கிளை முகாம்களிலும்தான் குத்தினார்கள், பெரும்பாலும் இடது முன்கையில். எங்கள் பாட்டி ஜூலை வெயிலிலும் முழுக்கைச் சட்டைதான் போடுவார். ரத்த அழுத்தம் பார்க்கப் போனால் எப்போதும் வலது கையைத்தான் நீட்டுவார்.