180,000 கிலோமீற்றர் ஓடிய கார், குறையும் ரேடியேற்றர் தண்ணீர்: உப்புவெளித் தம்பிக்கு

தம்பி, பெற்றோல் கார் 180,000 கிலோமீற்றர் ஓடிவிட்டது, ரேடியேற்றரில் அடிக்கடி தண்ணீர் குறைகிறது, விற்றுவிடலாமா என்று கேட்டிருக்கிறீர்கள். அவசரப்படாதீர்கள். ஒழுங்காகப் பார்த்துக்கொண்டால் 300,000 தாண்டியும் ஓடும் எஞ்சின்கள் நிறைய உண்டு.

எனக்குப் பயமாக இருப்பது, நீங்கள் கிணற்றுத் தண்ணீர் ஊற்றுவதாக எழுதியதுதான். எங்கள் கடற்கரைப் பக்கத்தில் பல கிணறுகள் உவர். அந்த உப்பு உள்ளே படிந்து எஞ்சினின் அலுமினியப் பாகங்களை அரிக்கும், தண்ணீர் ஓடும் வழியையும் அடைக்கும். அதனால் சூடு ஏறினால் ஹெட், அதாவது எஞ்சினின் மேல்மூடிப் பகுதி, வளைந்துவிடும். நிலாவெளியில் இருந்தபோது நானும் அப்படித்தான் ஊற்றினேன். ஒரு நாள் எஞ்சின் ஆறியபின் மூடியைத் திறந்தால் விளிம்பெல்லாம் வெள்ளைப் பொருக்கு, உள்ளே துருச்சேறு. கடைசியில் ஹெட்டைக் கழற்ற வேண்டி வந்தது.

முதலில் கராஜில் பிரஷர் டெஸ்ட் (ரேடியேற்றருக்குள் அழுத்தம் கொடுத்துப் பார்ப்பது) செய்து ஒழுக்கைக் கண்டுபிடியுங்கள். பிறகு நன்றாகக் கழுவி, தண்ணீருக்குப் பதிலாக சரியான கூலன்ட் (எஞ்சினைக் குளிர்விக்கும், அரிப்பைத் தடுக்கும் திரவம்) விடுங்கள். ஒயில் குச்சியை இன்றைக்கே இழுத்துப் பாருங்கள். பால்தேநீர் நிறமென்றால் ஸ்டார்ட் பண்ணவே வேண்டாம், தண்ணீர் ஒயிலில் கலந்திருக்கலாம்.

அப்புறம், டவுனுக்கு மட்டும் போய்வரும் காரில் ஒயில் நன்றாகச் சூடாகாது, ஈரம் தங்கிவிடும். ஓட்டம் குறைவென்றாலும் 6 மாதத்துக்கு ஒருமுறை மாற்றுங்கள்.