சாலை வரி கட்டியும் சுங்கமா? உள்ளூர் பாஸ் கேளுங்கள்

நண்பரே, சுங்கச்சாவடியிலிருந்து 12 கி.மீ. தள்ளி வீடு, வேலைக்குப் போகவர தினமும் முழுக் கட்டணம், 'சாலை வரி கட்டியாச்சே, பிறகு ஏன்?' என்று கேட்டிருக்கிறீர்கள். கோபம் நியாயம்தான். ஆனால் அந்த வரி மாநில அரசுக்குப் போகிறது. தேசிய நெடுஞ்சாலையை ஒப்பந்ததாரர் வங்கிக் கடன் வாங்கிப் போட்டு, அவரே சுங்கமும் வசூலிக்கிறார் என்றால், அந்தக் கடன் அடைவது சுங்கத்தில்தான். பெட்ரோல், டீசல் மீதான செஸ் (கூடுதல் வரி) தனிக்கணக்கு; அதையும் நாம்தான் கட்டுகிறோம் என்பது வேறு கதை.

உங்களுக்குத் தேவை உள்ளூர் மாதப் பாஸ். 2008 தேசிய நெடுஞ்சாலைக் கட்டண விதிகளின்படி, 20 கி.மீ.க்குள் குடியிருக்கும் வெள்ளை போர்டு (வாடகைக்கு ஓட்டாத சொந்த) வண்டிக்காரருக்கு அது உண்டு. 2007-08இல் 150 ரூபாய் என்று வைத்து ஆண்டுதோறும் ஏற்றுகிறார்கள். இப்போதும் மாதம் சில நூறுதான். ஆர்.சி. (வண்டிப் பதிவுச் சான்று), முகவரிச் சான்றோடு சாவடி அலுவலகத்திலேயே கேளுங்கள். சர்வீஸ் ரோடோ மாற்றுப்பாதையோ இருந்தால் தர மாட்டார்கள், அதை முதலில் பார்த்துவிடுங்கள்.

2025இல் 3,000 ரூபாய்க்கு வந்த ஃபாஸ்டேக் ஆண்டுப் பாஸில் அவசரப்பட்டு விழாதீர்கள். அதில் 200 முறைதான் கடக்கலாம். போகவர இரண்டு என்றால் நூறு நாளில் காலி. உள்ளூர் பாஸ் மறுத்தால் மட்டும் அதை யோசிக்கலாம்.