வழக்கை வாபஸ் வாங்கினால் மறுபடி போட முடியுமா?

கல்லிடைக்குறிச்சியிலிருந்து ஒரு வாசகர் கேட்கிறார்: "வயலுக்குப் போகும் பாதை தொடர்பாக நானும் என் தங்கையும் சித்தப்பா மகன் மீது அம்பாசமுத்திரம் முன்சீப் கோர்ட்டில் வழக்குப் போட்டிருக்கிறோம். பிராதில் (வழக்கு மனுவில்) சர்வே எண் தப்பாக விழுந்துவிட்டது. சொந்தக்காரர்கள் சமாதானமும் பேசுகிறார்கள். தீர்ப்புக்கு முன் வாபஸ் வாங்கலாமா?"

வாங்கலாம். உரிமையியல் நடைமுறைச் சட்டம் 1908, கட்டளை 23, விதி 1 அதற்கு இடம் தருகிறது. ஆனால் எந்த விதமாக வாங்குகிறீர்கள் என்பதில்தான் எல்லாம் இருக்கிறது. "வழக்கை நடத்த விருப்பமில்லை" என்று வெறும் மெமோ கொடுத்தால் கதை அன்றோடு முடிந்தது. அதே பாதைக்காக அதே ஆள் மேல் திரும்ப வழக்குப் போட முடியாது. எதிர்த்தரப்பின் செலவுத்தொகையும் உங்கள் தலையில் விழலாம். இது தெரியாமல் கையெழுத்துப் போடுகிறவர்களை நினைத்தால் எனக்கு வருத்தமாக இருக்கிறது.

பின்னால் புது வழக்குப் போடும் எண்ணம் இருந்தால், அதற்கான அனுமதியோடு வாபஸ் கேட்டு மனுப் போட வேண்டும். வழக்கே தோற்றுப்போகும் அளவுக்கு முறைசார்ந்த குறை (வழக்குப் போட்ட விதத்தில் உள்ள பிழை) இருக்கிறது, அல்லது போதிய வேறு காரணம் இருக்கிறது என்று நீதிபதிக்குத் திருப்தி வர வேண்டும். சாட்சி சரியாகச் சொல்லவில்லை என்பதெல்லாம் காரணம் ஆகாது. அனுமதி கிடைத்தாலும், புது வழக்குப் போடுவதற்கான காலவரையறை பொதுவாக முதல் வழக்கே போடாதது போலத்தான் கணக்கிடப்படும். கோர்ட்டில் கழிந்த வருஷங்கள் கூடுதலாகக் கிடைக்காது.

உங்கள் விஷயத்தில், சர்வே எண் பிழைக்காக வாபஸ் வரை போகவே தேவையில்லை என்பது என் கருத்து. கட்டளை 6, விதி 17-ன் கீழ் பிராதைத் திருத்த மனுப் போடுங்கள். விசாரணை தொடங்குவதற்கு முன்பே போட்டுவிடுங்கள். தொடங்கிய பிறகு போனால், முன்னமே ஏன் கவனிக்கவில்லை என்று நீதிபதி கேட்பார், அதற்குத் தக்க பதில் வேண்டும்.

சமாதானம் உண்மையாகவே கைகூடினால் அப்போதும் வாபஸ் வேண்டாம். பாதையின் அகலம், எங்கிருந்து எங்கே, வண்டி போகலாமா என்பதையெல்லாம் எழுதி, இரு தரப்பும் கையெழுத்திட்டு, கட்டளை 23, விதி 3-ன்படி சமரசத் தீர்ப்பாணை வாங்குங்கள். நாளைக்குச் சித்தப்பா மகன் வேலி போட்டால் அந்த ஆணையைக் கோர்ட் மூலம் அமல்படுத்தக் கேட்டு நிறைவேற்று மனுப் போடலாம். வாய்ப்பேச்சை நம்பி வாபஸ் வாங்கியிருந்தால் கையில் ஒன்றும் இருக்காது. இடைக்காலத் தடையாணை வாங்கியிருந்தால் அதுவும் வழக்கோடு போய்விடும். சமரசமானால் கோர்ட் கட்டணத்தையும் திரும்பக் கேட்கலாம். கோர்ட்டுக்கு வெளியே தாங்களாகவே பேசி முடித்தவர்களுக்கும் அந்த உரிமை உண்டு என்று 2021-ல் ஒரு தமிழ்நாட்டு வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது.

அப்புறம், தங்கையும் வாதி என்பதால் அவர் சம்மதமில்லாமல் நீங்கள் தனியாக வாபஸ் வாங்க கோர்ட் அனுமதிக்காது. எந்த வழியில் போனாலும், உத்தரவு வந்ததும் சான்றிட்ட நகல் வாங்கி வாசித்துப் பாருங்கள். வாபஸ் மனு என்றால், "புதிய வழக்குத் தொடர அனுமதியுடன்" என்ற சொற்கள் அதில் இருக்கின்றனவா என்று உங்கள் கண்ணாலேயே பார்த்துக்கொள்ளுங்கள்.